ஜாவாவில் தேதியை எழுத்தாக்குவது: பல வருடப் பயன்பாட்டுக்குப் பிறகு

பில்லிங் மென்பொருள் எழுதுகிறவர்களுக்குத் தேதியிடமிருந்து தப்பிக்க வழியில்லை. இன்வாய்ஸ், ரசீது, ஜிஎஸ்டி அறிக்கை, வங்கிக்கு அனுப்பும் கோப்பு, லாக் என்று எதைத் தொட்டாலும் ஒரு தேதியை எழுத்தாக மாற்றியாக வேண்டும். இந்த வேலையை முதலில் ஜாவாவோடு வரும் சிம்பிள்டேட்ஃபார்மேட் என்ற வகுப்பிடமும், ஜாவா 8 வந்த பிறகு டேட்டைம்ஃபார்மேட்டர் என்ற புதிய வகுப்பிடமும் கொடுத்துப் பல வருடம் ஓட்டியிருக்கிறேன். எதை எடுக்கலாம் என்று கேட்டால் யோசிக்காமல் இரண்டாவதைச் சொல்வேன். ஆனால் எடுப்பதற்கு முன் ஒன்று தெரிந்திருக்க வேண்டும். மனிதர் படிக்கப்போகும் தேதி வேறு, இன்னொரு புரோகிராம் படிக்கப்போகும் தேதி வேறு. இரண்டுக்கும் ஒரே ஃபார்மேட்டரைப் போட்டால் என்றைக்காவது உடையும்.

சிம்பிள்டேட்ஃபார்மேட் ஜாவா 1.1 காலத்துச் சரக்கு. பழைய கோட்பேஸ்களைத் திறந்தால், ஸ்டாட்டிக் ஆப்ஜெக்ட்டாக ஒன்றே ஒன்றை வைத்துக்கொண்டு எல்லோரும் அதையே கூப்பிடுவதை இன்றும் பார்க்கலாம். அதன் வயிற்றுக்குள் ஒரு காலண்டர் ஆப்ஜெக்ட் இருக்கிறது. ஃபார்மேட் செய்யச் சொன்னதும், கொடுத்த தேதியை அந்தக் காலண்டரில் ஏற்றும். பிறகு வருடம், மாதம், நாள் என்று ஒவ்வொன்றாக அதிலிருந்து எடுத்து எழுதும். இரண்டு த்ரெட், அதாவது புரோகிராமுக்குள் இணையாக ஓடும் இரண்டு வேலைகள், ஒரே சமயத்தில் உள்ளே வந்தால் என்ன ஆகும்? முதல் த்ரெட் தன் தேதியை ஏற்றுகிறது. அது எழுதி முடிப்பதற்குள் இரண்டாவது த்ரெட் வேறு தேதியை ஏற்றிவிடுகிறது. முதல் வாடிக்கையாளரின் பில்லில் இரண்டாமவரின் தேதி அச்சாகிறது. எக்ஸெப்ஷன் என்ற பிழை அறிவிப்பு கிடையாது, லாகில் ஒரு வரி கிடையாது. டெவலப்பர் மெஷினில் எத்தனை முறை ஓட்டினாலும் சிக்காது. மாதக் கடைசியில் லோடு ஏறும்போதுதான் தலைகாட்டும். த்ரெட்டுகளுக்கு இடையே பகிர வேண்டாம் என்று ஆவணத்தில் எழுதித்தான் இருக்கிறது. ஆனால் வருடக்கணக்கில் ஓடும் கோடை யாரும் ஆவணத்தோடு ஒப்பிட்டுப் பார்ப்பதில்லை.

2014 மார்ச்சில் ஜாவா 8 வந்தது. ஜோடா டைம் நூலகத்தை எழுதிய ஸ்டீபன் கோல்போர்ன் முன்னின்று நடத்திய ஜேஎஸ்ஆர் 310 என்ற ஜாவா மேம்பாட்டுத் திட்டம் வழியாகப் புதிய தேதி வகுப்புகள் சேர்ந்தன. டேட்டைம்ஃபார்மேட்டரை உருவாக்கிவிட்டால் அதன் பிறகு அது மாறாது. எத்தனை த்ரெட் வேண்டுமானாலும் பகிர்ந்துகொள்ளலாம். இந்த ஒன்றுக்காகவே மாறலாம் என்பேன். இன்னொரு நல்ல குணம், இல்லாததை அது இட்டுக்கட்டாது. நேரமே இல்லாத லோக்கல்டேட்டைக் கொடுத்து மணி, நிமிடம் கேட்டால், 00:00 என்று பூசி மெழுகாமல் எக்ஸெப்ஷன் எறியும். முதல் வாரம் எரிச்சலாக இருக்கும். போகப்போக இதுதான் பெரிய துணை என்று தெரியும்.

ஆனால் தேதி எந்த வடிவில் வர வேண்டும் என்று சொல்லும் பேட்டர்ன் எழுத்துகளின் கண்ணிகள் அப்படியேதான் இருக்கின்றன. கேப்பிட்டல் எம் மாதம், ஸ்மால் எம் நிமிடம். இதை மாற்றிப் போட்டால் உடனே கண்ணில் படும். படாமல் இருப்பது கேப்பிட்டல் ஒய். ஸ்மால் ஒய் நாம் நினைக்கும் வருடம். கேப்பிட்டல் ஒய் வாரக்கணக்கில் ஓடும் வருடம்: ஜனவரி 1 விழும் வாரத்தின் டிசம்பர் நாட்களும் அடுத்த வருடத்தோடு சேர்ந்துவிடலாம். 2024 டிசம்பர் 29 ஞாயிற்றுக்கிழமை. அமெரிக்க லோகேலில் (லோகேல் என்பது மொழி, நாட்டு வழக்கத்துக்கான அமைப்பு) வாரம் ஞாயிறன்று தொடங்குவதால், நான்கு கேப்பிட்டல் ஒய் போட்ட பேட்டர்ன் அன்றைய தேதியை 2025-12-29 என்று எழுதும். ஐஎஸ்ஓ என்ற சர்வதேசத் தரத்தின் கணக்கைப் பின்பற்றும் ஜெர்மன் லோகேலில் அதே தவறு ஒரு நாள் தள்ளி, திங்களன்று வரும். மற்ற நாளெல்லாம் விடை சரியாக இருப்பதால் டெஸ்டும் பாஸ், ரிவ்யூவும் பாஸ். 2014 டிசம்பர் 29 அன்று ட்விட்டரின் ஆண்ட்ராய்டு செயலியில் பலர் உள்ளே போக முடியாமல் தவித்தார்கள். அப்போது அதன் சர்வர் அனுப்பிய ஹெடரில் வருடம் 2015 என்று இருந்ததை வெளியிலிருந்து பார்த்தவர்களே கண்டுபிடித்தார்கள். எங்கள் கோட்பேஸில் கேப்பிட்டல் ஒய் உள்ள பேட்டர்ன் வந்தால் பில்டையே நிறுத்திவிடுகிறோம்.

எழுத்தைத் திரும்பத் தேதியாக்கும்போது இன்னொரு சங்கதி. 2023-02-31 என்ற எழுத்தைக் கொடுத்தால் பழைய சிம்பிள்டேட்ஃபார்மேட் மறுப்பே சொல்லாமல் மார்ச் 3 என்று எடுத்துக்கொள்ளும். புதியது மறுக்கும் என்றுதான் பலர் நம்புகிறார்கள். நாமே பேட்டர்ன் கொடுத்து உருவாக்கிய ஃபார்மேட்டர் இயல்பாக ஸ்மார்ட் என்ற நிலையில் இருக்கும். அது பிப்ரவரி 28 என்று சுருக்கிக்கொள்ளும். இல்லாத தேதியை நிராகரிக்க ஸ்ட்ரிக்ட் நிலைக்கு மாற்ற வேண்டும். மாற்றியதும் ஸ்மால் ஒய் போட்ட பேட்டர்ன் சரியான தேதியைக்கூட ஏற்காது, கி.மு.வா கி.பி.யா என்ற தகவல் இல்லையே என்று நிற்கும். அந்த இடத்தில் ஸ்மால் யு நான்கு போட்டால் எல்லாம் நேராகும். இந்த ஜோடியை மனப்பாடமே செய்துவிடலாம்: ஸ்ட்ரிக்ட் என்றால் யு.

நம் நேர மண்டலத்தில் வேலை செய்கிறவர்கள் அடிக்கடி பார்க்கும் ஒரு நோய் உண்டு. ஐஎஸ்ஓ வடிவத்தில் கடைசியில் வரும் இசட், அந்த நேரம் யுடிசி, அதாவது உலகப் பொது நேரம், என்பதற்கான அடையாளம். அதை மேற்கோள் குறிக்குள் வைத்து வெறும் எழுத்தாக ஒட்டினால், உள்ளூர் நேரத்துக்கும் யுடிசி முத்திரை விழுந்துவிடும். அதிகாலை 2 மணிப் பரிவர்த்தனை, அதைப் படிக்கும் அடுத்த சிஸ்டத்தில் காலை 7:30 ஆகிவிடும். இரண்டு சிஸ்டங்களுக்கு நடுவில் ஐந்தரை மணி நேர வித்தியாசம் வந்தால் நான் முதலில் தேடுவது அந்த மேற்கோள் குறியைத்தான். ஐஎஸ்டி என்று எழுதி அனுப்புவதும் உதவாது. இஸ்ரேலுக்கும் அயர்லாந்துக்கும் அதே மூன்றெழுத்துதான். +05:30 என்று எண்ணாகவே போடுங்கள்.

வருடங்கள் போகப்போகத்தான் தெரிந்தது லோகேல் விஷயம். மாதப் பெயர், முற்பகல் பிற்பகல் குறி, இடையில் வரும் காற்புள்ளி எல்லாம் ஜாவா 9 முதல் இயல்பாகவே சிஎல்டிஆர் என்ற பொதுத் தரவுத்தொகுப்பிலிருந்து வருகின்றன. அந்தத் தொகுப்பு வளரும், திருத்தப்படும். ஜாவா 16இல் பிரிட்டிஷ் ஆங்கில லோகேலில் செப்டம்பரின் சுருக்கம் மூன்றெழுத்திலிருந்து நான்கெழுத்தாகியது. மூன்றெழுத்தை எதிர்பார்த்த புரோகிராம்கள் செப்டம்பர் பிறந்ததும் தடுமாறின; மற்ற பதினொரு மாதமும் ஒரு குறையும் இல்லை. ஜாவா 20இல் வந்த மாற்றம் இன்னும் நுணுக்கமானது. ஆங்கில லோகேலில் நேரத்துக்கும் ஏஎம், பிஎம் குறிக்கும் நடுவில் இருந்த சாதாரண இடைவெளி, யு+202எஃப் என்ற யூனிகோட் எண் கொண்ட குறுகிய இடைவெளியாக மாறியது. திரையில் பார்த்தால் வித்தியாசமே தெரியாது. இரண்டு எழுத்துச்சரங்களையும் அடுத்தடுத்து வைத்துப் பார்த்தாலும் ஒன்று போலவே இருக்கும், ஒப்பீடு மட்டும் பொய் என்று சொல்லும். பைட்டுகளைப் பிரித்துப் பார்த்தால்தான் விஷயம் புரியும். குரோமும் இதே சிக்கலில் மாட்டி, பழைய இடைவெளிக்கே திரும்பிவிட்டது. ஜாவா 23இல்தான் படிக்கும் பக்கத்தில் கொஞ்சம் தாராளம் காட்டினார்கள்.

இதில் சிஎல்டிஆரை நான் குறை சொல்ல மாட்டேன். அது மனிதர்கள் படிப்பதற்கான எழுத்து. மனிதர்கள் எழுதும் முறை மாறினால் அதுவும் மாறுவதுதான் நியாயம். அதைப் புரோகிராமுக்குத் தீனியாகப் போட்டதுதான் கோளாறு. டேட்டைம்ஃபார்மேட்டர் மீது எனக்குள்ள ஒரே பெரிய மனக்குறை இங்கேதான் வருகிறது: லோகேல் சொல்லாமல் பேட்டர்னை மட்டும் கொடுத்தாலும் அது வாயைத் திறக்காமல் மெஷினின் லோகேலை எடுத்துக்கொள்கிறது. கட்டாயம் கேட்டு வாங்கியிருக்க வேண்டும்.

தமிழ் லோகேலைப் பயன்படுத்துகிறவர்களுக்கு இரண்டு தகவல். நீண்ட வடிவத்தை அதன் போக்கில் விட்டால் "29 டிசம்பர், 2024" என்று வரும். நம் பத்திரிகைகளில் பார்க்கும் "டிசம்பர் 29, 2024" வேண்டுமென்றால் பேட்டர்னை நாமே கொடுக்க வேண்டும். மாதப் பெயர் தமிழில் ஒழுங்காக வரும், அதில் குறையே சொல்ல முடியாது. வரைபடத்தின் அடியில் இடம் பத்தாமல் மிகக் குறுகிய மாத வடிவத்துக்குப் போனால் மட்டும் ஜூனும் ஜூலையும் இரண்டுமே "ஜூ" என்று நிற்கும். அங்கே ஒரு படி மேலே உள்ள சுருக்க வடிவத்தைப் போட்டு, எழுத்தைக் கொஞ்சம் சாய்த்துவிட்டால் போதும்.

இப்போது எங்களிடம் புரோகிராமுக்குப் போகும் தேதி எல்லாம் ஜாவாவிலேயே தயாராக இருக்கும் ஐஎஸ்ஓ ஃபார்மேட்டர்கள் வழியாகத்தான் போகிறது. அவை பிப்ரவரி 31ஐ ஏற்பதில்லை, லோகேலையும் பார்ப்பதில்லை. வருடம் முன்னால் இருப்பதால் கோப்புப் பெயர்களும் தாமாகவே வரிசையில் நிற்கும். திரைக்கும் அச்சுக்கும் போவது மட்டும் பயனரின் லோகேலைப் பெயர் சொல்லி வாங்கிக்கொண்டு போகிறது. ஜாவா பதிப்பை உயர்த்தும்போதெல்லாம் இந்த இரண்டாவது வகை வெளியீடுகளை மட்டும் பழையதோடு பைட் பைட்டாக ஒப்பிட்டுப் பார்த்துவிட்டுத்தான் ரிலீஸுக்கு அனுப்புகிறோம்.