பேர் வைக்க ஒரு புத்தகம்: அயலூர் சரி, உள்ளூர்தான் இடிக்கிறது

தம்பிக்குப் பெண் பிறந்திருக்கிறது. பேர் தேடுவது அத்தை பொறுப்பு என்று என் தலையில் கட்டிவிட்டார்கள். மயிலாடுதுறை பஸ் ஸ்டாண்டு பக்கத்துக் கடையில் 180 ரூபாய் கொடுத்து ஒரு பெயர்ப் புத்தகம் வாங்கினேன். நீல அட்டை, மேலே தொட்டில் படம். பதிப்பகத்தின் பேரைச் சொல்லி வம்பை இழுக்க விருப்பமில்லை.

நல்லதை முதலில் சொல்லிவிடுகிறேன். பிற நாட்டுப் பெயர் வழக்கங்களைப் பற்றிய பின்பாதி அருமை. ஐஸ்லாந்தில் பெரும்பாலோருக்குக் குடும்பப் பெயர் கிடையாது. அப்பா பேரோடு மகன், மகள் என்று பொருள்படும் விகுதியைச் சேர்த்துக்கொள்கிறார்கள். டெலிபோன் டைரக்டரிகூட சொந்தப் பேர் வரிசையில்தான். துருக்கியில் 1934இல் சட்டம் போட்டு எல்லோரையும் குடும்பப் பெயர் வைத்துக்கொள்ளச் சொன்னார்கள். முஸ்தபா கெமாலுக்கு ‘அத்தாதுர்க்’ என்ற பேரை நாடாளுமன்றமே கொடுத்தது. கானாவில் அகான் மக்களிடம் வெள்ளிக்கிழமை பிறந்த பையன் கோஃபி. ஐ.நா. பொதுச் செயலாளராக இருந்த கோஃபி அன்னான் பேர் அப்படி வந்ததுதான். அதே பதவியில் அவருக்கு முன்பு இருந்த பர்மாக்காரர் ஊ தாண்டுக்குக் குடும்பப் பெயரே இல்லை. ‘ஊ’ வெறும் மரியாதைச் சொல்.

இவ்வளவு எழுதியவர் நம் இனிஷியலை மட்டும் இரண்டே வரியில் முடித்துவிட்டார். துபாயில் என் தம்பியை ஆபீஸில் எல்லோரும் எங்கள் அப்பா பேரைச் சொல்லித்தான் கூப்பிடுகிறார்கள். பாஸ்போர்ட்டில் குடும்பப் பெயர் கட்டத்தில் அதுதான் இருக்கிறது. நமக்கு அந்தக் கட்டத்தில் எழுத ஒன்றும் இல்லாமல் போனதற்குப் பெரிய கதை உண்டே! சாதிப் பட்டத்தை விடச் சொல்லி 1929 செங்கல்பட்டு சுயமரியாதை மாநாட்டில் தீர்மானம் போட்டதைப் பற்றி ஒரு வரி இல்லை. பக்கத்துக் காரைக்காலில் 1881 பிரெஞ்சு ஆணைப்படி பிரெஞ்சு உரிமையியல் சட்டத்துக்கு மாறியவர்கள் புதிதாகக் குடும்பப் பெயர் எடுத்துக்கொண்டார்கள். அதுவும் இல்லை. துருக்கி வரை போனவருக்குக் காரைக்கால் பஸ் கிடைக்கவில்லை போலிருக்கிறது.

முன்பாதி பெயர்ப் பட்டியல். நட்சத்திர எழுத்து அட்டவணை தெளிவாக இருக்கிறது. திருவாதிரைக்கு ‘ங’வும் போட்டிருக்கிறார்கள், அதில் யார் என்ன பேர் வைப்பது? எங்கள் குட்டி கார்த்திகை, அ, இ, உ, எ. அதனால் தப்பித்தோம்.

ஆனால் பொருளைச் சொல்வதோடு நிறுத்திவிடுகிறார்கள், பேர் வந்த வழியைச் சொல்வதில்லை. அபிராமி என்றால் ‘அழகானவள்’, அவ்வளவுதான். திருக்கடையூரைக் காணோம். வைத்தியநாதனுக்கு வைத்தீஸ்வரன்கோயில் இல்லை, தியாகராஜனுக்குத் திருவாரூர் இல்லை, சாமிநாதனுக்குச் சுவாமிமலை இல்லை. தையல்நாயகி பட்டியலிலேயே வரவில்லை. எங்கள் பக்கம் வீட்டுக்கொரு பேர் இப்படி ஏதோ ஒரு சன்னதியிலிருந்து வந்ததுதான். இது கோயிலோடு நிற்பதும் இல்லை. ஆரோக்கியசாமி என்றதும் வேளாங்கண்ணியும், சாகுல் ஹமீது என்றதும் நாகூரும் நினைவுக்கு வராத டெல்டாக்காரர் யார்? அந்த இரண்டு பேருக்கும் இந்தப் புத்தகத்தில் இடமே இல்லை.

தாள் சுமார், எழுத்து பெரிது, பாட்டிகளும் படிக்கலாம். பின்பாதிக்காக வாங்கலாம். பேர் மட்டும் வேண்டும் என்றால் 180 ரூபாய் அதிகம். வீட்டில் பழைய கல்யாணப் பத்திரிகைகள் இருந்தால் எடுத்துப் பாருங்கள், இதைவிட நல்ல பேராகக் கிடைக்கும். நாங்கள் அபிராமி என்றே வைத்துவிட்டோம்.