செவ்வாய்க்கிழமை வரிசையில் ஓர் இளந்தாய்: அரசு ஆரம்ப சுகாதார நிலையத்தின் மகப்பேற்றுச் சேவை

என் அக்காள் மகளுக்குத் தலைப்பிரசவம் எங்கள் வட்டாரத்து அரசு ஆரம்ப சுகாதார நிலையத்தில் நடந்தது. அப்போது அவளுக்கு வயது 19. கல்லூரியில் வணிகவியல் இரண்டாம் ஆண்டு படித்துக்கொண்டிருந்தாள். அக்காவுக்கு முழங்கால் வலி என்பதால், மூன்றாம் மாதம் பதிவு செய்த நாளிலிருந்து குழந்தைக்கு ஆறாவது வாரத் தடுப்பூசி போட்ட நாள் வரை அவளுடன் சென்றுவந்தவள் நான். தனியார் மருத்துவமனைக்குப் போவதா, அரசு நிலையத்துக்குப் போவதா என்று யோசித்துக்கொண்டிருக்கும் குடும்பங்களுக்காக இதை எழுதுகிறேன். பரிசோதனை, மருந்து, பிரசவம் ஆகியவற்றில் குறை சொல்ல எனக்கு அதிகம் இல்லை. ஆனால் சிறு வயதில் வாயும் வயிறுமாக வந்து நிற்கும் ஒரு பெண்ணை அந்த வளாகத்துக்குள் யார் எப்படிப் பார்க்கிறார்கள் என்பதைப் பொறுத்தே அவள் அடுத்த முறை வருவாளா, மாட்டாளா என்பது முடிவாகிறது. ஆகையால் இந்த மதிப்புரையில் அந்தப் பார்வைக்கே அதிக இடம் கொடுத்திருக்கிறேன்.

தமிழகத்து ஆரம்ப சுகாதார நிலையங்களில் செவ்வாய்க்கிழமை கர்ப்பிணிகளுக்கான நாள். புதன்கிழமை தடுப்பூசி நாள். நாங்கள் முதன்முதலில் சென்ற செவ்வாய்க்கிழமை, தாழ்வாரத்துச் சிமெண்டுத் திண்ணையில் ஏறத்தாழ முப்பது பெண்கள் உட்கார்ந்திருந்தார்கள். எங்கள் பெண் சுடிதார் அணிந்திருந்தாள். தாலிக் கயிறு உள்ளே இருந்தது. வரிசையில் இருந்தவர்களின் கண்கள் முதலில் அவள் கழுத்துக்கும், பிறகு மெட்டி இருக்கிறதா என்று பார்க்கக் காலுக்கும் சென்றதை நான் கவனித்தேன். பக்கத்தில் இருந்த அம்மாள் வயதைக் கேட்டார். கல்யாணமாகி எத்தனை மாதம் என்று கேட்டார். பதிலைக் கேட்டுக்கொண்டு விரல்விட்டு எண்ணினார். அவள் திருமணம் வீட்டார் பார்த்துச் செய்ததல்ல, பதிவாளர் அலுவலகத்தில் நடந்தது. அதை யாரும் சொல்லாமலே அந்தத் திண்ணை ஊகித்துக்கொண்டது. பதிவுச் சீட்டு எழுதியவரோ, “பத்தொன்பதா?” என்று வரிசை முழுவதும் கேட்கும்படி திரும்பக் கேட்டார். அடுத்த செவ்வாய்க்கிழமை கிளம்பும்போது எங்கள் பெண் கண்ணாடி முன் நின்று மஞ்சள் கயிற்றை வெளியே எடுத்துத் துப்பட்டாவின் மேல் தெரியும்படி போட்டுக்கொண்டாள். அதன் பிறகு பிரசவம் வரை அவள் அதை உள்ளே விடவே இல்லை.

இதற்கு நேர்மாறாக நடந்துகொண்டவர் எங்கள் பகுதியின் கிராம சுகாதார செவிலியர். ஊரில் எல்லோரும் அவரை வி.எச்.என். அக்கா என்றே அழைக்கிறார்கள். அவர் அறைக் கதவைச் சாத்திவிட்டு, என்னையும் சற்று நேரம் வெளியே இருக்கச் சொல்லிவிட்டு அவளிடம் தனியாகப் பேசினார். என்ன கேட்டார் என்று பிறகு விசாரித்தேன். இந்தக் குழந்தை வேண்டும் என்று நினைக்கிறாயா, வீட்டில் யாராவது அடிக்கிறார்களா, சாப்பாடு இறங்குகிறதா, படிப்பை என்ன செய்யப்போகிறாய் என்று கேட்டாராம். முதல் கேள்வியை அதுவரை எங்கள் குடும்பத்தில் யாரும், நான் உட்பட, அவளிடம் கேட்டிருக்கவில்லை.

பரிசோதனைகளைப் பற்றிச் சொல்லிவிடுகிறேன். எடை, இரத்த அழுத்தம், சிறுநீர், இரத்தம், குளுக்கோஸ் கரைசலைக் குடிக்கவைத்துப் பார்க்கும் சர்க்கரைப் பரிசோதனை, ஸ்கேன் என எதற்கும் பணம் வாங்கவில்லை. பதிவு செய்தவுடன் 12 இலக்கங்கள் கொண்ட பிக்மி எண், அதாவது கர்ப்பிணிகளுக்கான அரசுப் பதிவு எண், ஒன்றைத் தருகிறார்கள். 2017 முதல் குழந்தையின் பிறப்புச் சான்றிதழுக்கு இந்த எண் கட்டாயமாக்கப்பட்டிருப்பதால், தனியார் மருத்துவமனையில் பிரசவம் பார்க்க நினைப்பவர்களும் இதைப் பெற்றாக வேண்டும். எங்கள் பெண்ணுக்கு முதல் பரிசோதனையில் ஹீமோகுளோபின் 8.9 இருந்தது. 11-க்குக் கீழே போனாலே கர்ப்பிணிக்கு இரத்தசோகை என்று கணக்கு. சத்து மாத்திரை வழக்கமாக 180 நாட்களுக்கு, நாளைக்கு ஒன்று வீதம் கொடுக்கப்படுகிறது. இவளுக்கு அது போதாது என்று, இரும்புச் சத்தை டிரிப்ஸ் வழியாகச் சில தவணைகளில் ஏற்றினார்கள். மாத்திரை போட்டதும் டீ குடிக்கக் கூடாது, எலுமிச்சைச் சாறு குடிக்கலாம் என்று வி.எச்.என். அக்கா மூன்று முறை சொன்னார். எட்டாம் மாதத்தில் அளவு 10.8 ஆனபோது அட்டையில் அதை எழுதி வட்டமிட்டுக் காட்டினார்.

இருபது வயதுக்குள் தலைப்பிரசவம் என்பதால் அவள் பெயர் உயர் ஆபத்துப் பட்டியலில் சேர்க்கப்பட்டது. இதில் மருத்துவக் காரணம் இருக்கிறது. தன் உடலே வளர்ச்சியை முடிக்காத வயதில் கருவைச் சுமக்கும் பெண்ணுக்கு இரத்தசோகையும் இரத்த அழுத்தமும் வரும் வாய்ப்பும், குழந்தை எடை குறைந்து பிறக்கும் வாய்ப்பும் அதிகம். ஆனால் ஒரு சொல்லைக் கையாளும் முறையில்தான் அது மருந்தாவதும் வசையாவதும். மருத்துவ அலுவலர் அவளை உட்காரவைத்து, “உன்னை அடிக்கடி பார்க்க வேண்டும் என்பதற்காக வைத்திருக்கிற பட்டியல் இது” என்றார். அதே பட்டியலைக் கையில் வைத்துக்கொண்டு வேறொருவர், “சின்னப் பிள்ளைங்கள் எல்லாம் இப்படி வந்து எங்கள் உயிரை எடுக்கிறது” என்றார். வீட்டுக்குத் திரும்பும் பேருந்தில் அவள் சொல்லிச் சொல்லி அழுதது இரண்டாவது வாக்கியத்தைத்தான்.

இந்த நிலையத்துக்கு வரும் இளம் பெண்கள் விதிவிலக்கானவர்கள் அல்லர். 2019–21 தேசியக் குடும்ப நல ஆய்வின்படி, தமிழ்நாட்டில் 15 முதல் 19 வயது வரையிலான பெண்களில் நூற்றுக்கு ஆறு பேருக்குச் சற்று மேல் ஏற்கெனவே தாயாகவோ கர்ப்பமாகவோ இருந்தார்கள். எங்களுக்கு இரண்டு வரிசை முன்னால் பாட்டியுடன் ஒரு பெண் உட்கார்ந்திருந்தாள். பச்சைப் பாவாடையும் பள்ளி விளையாட்டுச் சட்டையும் அணிந்திருந்தாள். வயதைக் கேட்டபோது பாட்டி முந்திக்கொண்டு, “பதினெட்டு முடிஞ்சிருச்சு” என்றார். ஆதார் அட்டை கேட்டார்கள். எடுத்து வருகிறோம் என்று எழுந்து போனவர்களை அதன் பிறகு எந்தச் செவ்வாய்க்கிழமையும் நான் பார்க்கவில்லை. 18 வயதுக்கு உட்பட்ட பெண் கருவுற்றிருந்தால் 2012-ஆம் ஆண்டுப் போக்சோ சட்டப்படி மருத்துவர் காவல் துறைக்குத் தெரிவித்தாக வேண்டும். குழந்தைகளைக் காப்பதற்கான அந்தச் சட்டத்தின் தேவையை நான் மறுக்கவில்லை. ஆனால் அந்த அச்சமும் திண்ணையின் கண்களும் சேரும்போது, மாத்திரையும் ஊசியும் யாருக்கு மிக அதிகமாகத் தேவையோ அந்தப் பெண்ணே முதலில் வெளியேறுகிறாள். அவளுக்கு எங்கே, யார் பிரசவம் பார்த்திருப்பார்கள் என்று இப்போதும் நினைத்துக்கொள்கிறேன்.

உதவித்தொகையிலும் இதே பிரச்சினை இருக்கிறது. டாக்டர் முத்துலட்சுமி ரெட்டி மகப்பேறு நிதியுதவித் திட்டத்தில் மொத்தம் 18,000 ரூபாய் கிடைக்கிறது. அதில் 14,000 ரூபாய் பணமாகத் தவணைகளில் வருகிறது, மீதம் இரண்டு ஊட்டச்சத்துப் பெட்டகங்களாக வருகிறது. இரும்புச் சத்து டானிக்கும் பேரீச்சம்பழமும் நெய்யும் அடங்கிய அந்தப் பெட்டகம் உண்மையிலேயே பயனுள்ளது. முதல் இரண்டு பிரசவங்களுக்கு, 19 வயது நிறைந்தவர்களுக்கு மட்டும் என்பது விதி. சிறு வயதுத் திருமணத்தை ஊக்குவிக்கக் கூடாது என்ற நோக்கம் புரிகிறது. ஆயினும் திருமணத்தை முடிவு செய்தவர்கள் பெரியவர்கள்; நெய்யும் பேரீச்சம்பழமும் இல்லாமல் போவது அந்தப் பெண்ணுக்கும் அவள் வயிற்றுப் பிள்ளைக்கும். திட்டத்துக்குப் பெயர் தந்தவர் புதுக்கோட்டையில் பிறந்து, 1912-இல் சென்னை மருத்துவக் கல்லூரியில் பட்டம் பெற்று, 1927-இல் சென்னைச் சட்ட மேலவைக்குள் நுழைந்து, பெண்களின் திருமண வயதை உயர்த்தப் போராடியவர். மருத்துவராக அவர் அந்தப் போராட்டத்தை நடத்தியது சிறுமிகளின் உடல் படும் பாட்டை நேரில் கண்டதால்தான் என்று நம்புகிறேன். அவர் பெயரிலுள்ள உணவுப் பெட்டகமாவது வயது பாராமல் போய்ச் சேர வேண்டும் என்பது என் கருத்து.

பிரசவம் ஒரு வெள்ளிக்கிழமை பின்னிரவில் நடந்தது. பனிக்குடம் உடைந்ததும் 108-ஐ அழைத்தோம். வண்டி விரைவாகவே வந்தது. பிரசவ அறைக்குள் ஒரு பெண் துணைக்கு இருக்கலாம் என்பதால் என்னை உள்ளே விட்டார்கள். இந்த ஏற்பாட்டுக்காகவே அரசு நிலையத்தைப் பரிந்துரைப்பேன். வலியில் அவள் கத்தியபோது உதவிக்கு இருந்த ஒரு பெண்மணி, பிரசவ அறைகளில் காலங்காலமாகச் சொல்லப்படும் அந்தப் பழைய வசையைச் சொன்னார்: “அன்னைக்கு இனிச்சுது, இன்னைக்குக் கசக்குதா?” நான் வாயடைத்து நின்றேன். பணியில் இருந்த இளம் செவிலியர்தான், கையுறையைக் கூடக் கழற்றாமல் திரும்பி, “அக்கா, இந்தப் பேச்சு இங்கே வேண்டாம், வெந்நீர் வைத்திருக்கிறதா பாருங்கள்” என்று குரல் உயர்த்தாமல் சொன்னார். பிறகு எங்கள் பெண்ணின் முதுகை நீவிவிட்டபடி, அவள் பெயரைச் சொல்லி, மூச்சை எப்படி விட வேண்டும் என்று சொல்லிக்கொடுத்தார். பிரசவ அறைகளில் பெண்கள் அவமதிக்கப்படுவதைக் கண்டித்து உலக சுகாதார நிறுவனம் 2014-இலேயே அறிக்கை வெளியிட்டது. இந்திய அரசும் 2017-இல் லக்‌ஷ்யா என்ற பெயரில் பிரசவ அறைத் தர மேம்பாட்டுத் திட்டத்தைத் தொடங்கி, கண்ணியமான நடத்தையை அதன் பகுதியாக வைத்திருக்கிறது. தமிழ்நாட்டில் நூற்றுக்குத் தொண்ணூற்றொன்பதுக்கும் மேற்பட்ட பிரசவங்கள் மருத்துவ நிலையங்களிலேயே நடக்கின்றன. எல்லாப் பெண்களும் வந்துசேர்ந்துவிட்ட இடத்தில், அவர்கள் காதில் விழும் சொல்லும் சிகிச்சையின் பகுதிதான்.

அதிகாலை நான்கு மணிக்குப் பெண் குழந்தை சுகமாகப் பிறந்தது, எடை 2.7 கிலோ. அரை மணி நேரத்துக்குள் பால் கொடுக்கவைத்தார்கள். 2015-இல் தொடங்கப்பட்ட 16 பொருட்கள் கொண்ட குழந்தை நலப் பெட்டகத்தில் துண்டு, கொசுவலை, நகவெட்டி, கிலுகிலுப்பை எல்லாம் இருந்தன. எனக்குப் பிடித்தது சௌபாக்கிய சுண்டி லேகியம். மூடியைத் திறந்ததும் சுக்கு வாசனை எழுந்து, பச்சை உடம்புக்காரிக்கு என் அம்மா கிளறிய பிரசவ மருந்தை நினைவூட்டியது. வார்டின் கழிப்பறை மட்டும் ஒரு நாளும் சுத்தமாக இல்லை. தையல் போட்ட பெண்கள் பயன்படுத்தும் இடம் என்பதால் இது சிறிய குறை அல்ல. வீடு திரும்ப 102 ஊர்தி இலவசமாகக் கொண்டுவிட்டது.

பிரசவத்துக்குப் பின் பார்வையாளர்களின் பேச்சும் மாறியது. வயிற்றோடு இருந்தபோது அவளை எடைபோட்டவர்கள், இப்போது குழந்தையைக் கொஞ்சிவிட்டு, “இனிமேல் எங்கே படிப்பது?” என்று அவளுக்காக முடிவெடுத்தார்கள். தாய்மையைக் கும்பிடுகிற அதே வாய் தாயின் விருப்பத்தைக் கேட்பதில்லை. கல்லூரியில் வருகைப்பதிவு குறைவைக் காரணம் காட்டித் தேர்வெழுத முடியாது என்றார்கள். மாணவியருக்கு மகப்பேற்றுக்காக வருகைப்பதிவில் தளர்வு தரும்படி பல்கலைக்கழக மானியக் குழு 2021 டிசம்பரில் கேட்டுக்கொண்டிருக்கிறது என்பதை மருத்துவ அலுவலரே எங்களுக்குச் சொல்லி, கேட்காமலே சான்றிதழும் எழுதிக் கொடுத்தார். இரண்டு முறை அலைந்த பிறகு அனுமதி கிடைத்தது. அவள் குழந்தையை என்னிடம் விட்டுவிட்டு மூன்று தாள்கள் எழுதினாள்; மீதியை அடுத்த பருவத்தில் எழுதவிருக்கிறாள். எந்தத் தனியார் மருத்துவமனையிலும் இந்த அக்கறையை நான் எதிர்பார்த்திருக்க மாட்டேன்.

செல்ல விரும்புகிறவர்கள் காலை எட்டரைக்கே போய்விடுவது நல்லது. பத்து மணிக்கு மேல் திண்ணையில் இடம் இருக்காது. ஆதாரில் அப்பாவின் முன்னெழுத்தும் வங்கிப் புத்தகத்தில் கணவர் பெயரும் இருந்தால் உதவித்தொகை நின்றுவிடும். எங்களுக்கு முதல் தவணை இதனால் தாமதமானது. ஆகவே நான்காம் மாதத்துக்குள் இரண்டையும் ஒன்றாக்கிவிடுங்கள். கணக்குக் கட்டாயம் அவள் பெயரிலேயே இருக்க வேண்டும். பதிவின்போது கணவரின் கைப்பேசி எண்ணைத்தான் முதலில் கேட்பார்கள். நாங்களும் யோசிக்காமல் அதையே கொடுத்துவிட்டோம். பரிசோதனை நாளையும் பணம் வந்ததையும் சொல்லும் குறுஞ்செய்திகள் எல்லாம் வெளியூரில் வேலை பார்க்கும் அவருக்கே போய்க்கொண்டிருந்தன. ஆறாவது வாரம் ஐந்து நோய்களைத் தடுக்கும் பென்டாவேலன்ட் ஊசிக்குச் சென்ற புதன்கிழமை, வி.எச்.என். அக்காவிடம் சொல்லி எங்கள் பெண்ணே தன் எண்ணை எழுதவைத்தாள். பத்தாவது வார ஊசிக்கான செய்தி இப்போது அவள் கைப்பேசிக்கு வந்திருக்கிறது.