மில் எழுதிய வரைவுகளைத் தேடிச் செல்பவர்களுக்கு: பிரிட்டிஷ் நூலகத்தின் ஆசிய ஆப்பிரிக்க வாசிப்பறை

லண்டன் செயின்ட் பாங்க்ரஸில் இருக்கும் பிரிட்டிஷ் நூலகத்தின் மூன்றாம் தளத்தில், ஆசிய ஆப்பிரிக்க ஆய்வுகளுக்கான வாசிப்பறையில் ஐந்து நாட்கள் உட்கார்ந்து படித்தேன். கிழக்கிந்தியக் கம்பெனியின் ஆவணங்களும், 1858 முதல் 1947 வரை லண்டனிலிருந்து இந்தியாவை நிர்வகித்த இந்தியா அலுவலகத்தின் ஆவணங்களும் இங்குதான் கிடைக்கின்றன. அவை அடுக்கப்பட்டிருக்கும் அலமாரிகளின் நீளம் மட்டும் ஏறத்தாழ 14 கிலோமீட்டர். அந்தக் கடலில் நான் தேடிப் போனது ஒருவருடைய அலுவலக வேலையை மட்டும்தான்: ஜான் ஸ்டூவர்ட் மில்.

தனிமனிதச் சுதந்திரத்தின் தத்துவவாதியாகவே மில்லை நம்மில் பலர் அறிவோம். ஆனால் அவர் 1823 இல், 17 வயதில், லீடன்ஹால் தெருவிலிருந்த கம்பெனியின் தலைமையகத்தில் எழுத்தராகச் சேர்ந்து, 1858 இல் கம்பெனியின் ஆட்சி முடியும்வரை 35 ஆண்டுகள் அங்கேயே பணிபுரிந்தவர். அவருடைய தந்தை ஜேம்ஸ் மில், இந்தியாவைக் கண்ணால் பாராமலே 1817 இல் பிரிட்டிஷ் இந்தியாவின் வரலாற்றை எழுதி வெளியிட்டு, அடுத்த இரண்டே ஆண்டுகளில் அதே அலுவலகத்தில் வேலைக்கு அமர்ந்தவர். மகனும் இந்தியாவுக்கு வந்ததில்லை. ஆனாலும் சமஸ்தானங்களுக்கும் கல்விக்கும் உரிய உத்தரவுகள் அவர் மேசையிலிருந்து புறப்பட்டன.

புறப்பட்ட விதத்தை இந்தக் கோப்புகளில்தான் பார்க்க முடியும். கல்கத்தாவிலிருந்தோ சென்னையிலிருந்தோ கப்பலில் வந்த கடிதத்துக்கு மில் போன்றவர்கள் வரைவு எழுதுவார்கள். அது கம்பெனித் தலைவரிடமும் இயக்குநர்களிடமும் போய், 1784 ஆம் ஆண்டுச் சட்டத்தின்படி அரசாங்கம் அமைத்த கட்டுப்பாட்டு வாரியத்தின் ஒப்புதலையும் பெற்ற பிறகே கப்பலேறும். வரைவுத் தாளில் ஒரு பாதியில் எழுத்து, மறுபாதி திருத்துபவருக்காக வெறுமையாக விடப்பட்டது. அந்த வெற்றிடத்தில் வேறொரு கை புகுந்து ஒரு சொல்லை அடித்து மென்மையான சொல்லைப் போட்டிருப்பதையும், சில இடங்களில் ஒரு பத்தியையே நீக்கியிருப்பதையும் காணும்போது, பேரரசு என்பது எத்தனை பேரின் பேனா முனையில் நடந்தது என்பது கண்முன் விரிகிறது.

இவற்றில் என்னை மிகவும் தடுத்து நிறுத்தியது 1836 ஆம் ஆண்டு வரைவு. மெக்காலே 1835 பிப்ரவரியில் ஆங்கிலக் கல்விக்காக எழுதிய குறிப்பையும், அதைத் தொடர்ந்து கவர்னர் ஜெனரல் பென்டிங்க் ஆங்கிலக் கல்விக்கே ஆதரவாக எடுத்த முடிவையும் அதில் மில் வன்மையாக மறுக்கிறார். சமஸ்கிருத, அரபுக் கல்வியை ஆதரித்துவந்த கொள்கையைக் கைவிட்டால், ஐரோப்பிய அறிவை மக்களின் மொழிகளுக்குக் கொண்டுசேர்க்கக்கூடிய கற்றோர் வகுப்பையே இழப்போம் என்பது அவர் வாதம். வாரியத்தின் தலைவராக இருந்த ஹாப்ஹவுஸ் அதை ஏற்காததால் அந்தக் கடிதம் அனுப்பப்படவே இல்லை. இதை வைத்து மில்லை நம் பக்கத்து ஆளாக எண்ணிவிடக் கூடாது. ஐரோப்பிய அறிவே மேலானது என்பதில் அவருக்கும் ஐயமில்லை. சுதந்திரம் குறித்து 1859 இல் அவர் வெளியிட்ட நூலிலும், ‘பின்தங்கிய’ சமூகங்களுக்கு அந்தக் கோட்பாடு பொருந்தாது என்று வெளிப்படையாகவே எழுதியிருக்கிறார். அந்த வரிக்குப் பின்னால் 35 ஆண்டு அலுவலக வாழ்க்கை இருக்கிறது என்பதை இந்த அறையில்தான் உணர்ந்தேன்.

சேவையைப் பொறுத்தவரை எனக்கு மிகுந்த நிறைவு. வாசகர் அட்டைக்குக் கட்டணமில்லை; அடையாளச் சான்றும் முகவரிச் சான்றும் போதும். பையையும் பேனாவையும் லாக்கரில் வைத்துவிட்டு, பென்சிலோடு உள்ளே போக வேண்டும். கனத்த தொகுதிகளுக்குப் பஞ்சுத் தாங்கிகளும், பக்கம் மூடாமலிருக்க மணிச்சரம் போன்ற எடைகளும் தருகிறார்கள். பெரும்பாலான ஆவணங்களைக் கைபேசியில் படமெடுத்துக்கொள்ளலாம். மேசையிலிருந்த நூலகர்கள் என் அரைகுறைக் கேள்வியைப் பொறுமையாகக் கேட்டு, எந்தப் பதிவேட்டில் தொடங்குவது என்று எழுதியே கொடுத்தார்கள்.

குறை என்றால், தேடும் வழி புதியவருக்கு எளிதன்று. பல தொகுதிகளுக்குக் கையால் எழுதப்பட்ட பழைய அகரவரிசைப் பதிவேடுகளே துணை. 2023 அக்டோபரில் நடந்த இணையத் தாக்குதலில் நூலகத்தின் மின்பட்டியல் முடங்கி, 2024 ஜனவரியில்தான் ஓரளவு மீண்டது. ஆகவே போவதற்கு முன் எது கிடைக்கும் என்று கேட்டுக்கொள்வது நல்லது. இன்னொன்று மனத்தை உறுத்துகிறது. இதே இந்தியா அலுவலக ஆவணங்களில் வளைகுடாப் பகுதி குறித்தவற்றை, கத்தாருடன் சேர்ந்து மின்மயமாக்கி, எவரும் இலவசமாகப் படிக்கும்படி இணையத்தில் வைத்திருக்கிறார்கள். சென்னை மாகாணக் கோப்புகளுக்கும் அந்த அளவில் ஒரு முயற்சி வேண்டும். எழும்பூர் ஆவணக் காப்பகத்தில் இருப்பது அதே கடிதப் போக்குவரத்தின் இந்த முனை. இரண்டையும் அருகருகே வைத்துப் படிக்க இன்று விமானச் சீட்டும் விசாவும் தேவைப்படுகின்றன.

போகிறவர்கள் முதல் நாளைப் பதிவேடுகளுக்கே ஒதுக்குங்கள். வரைவை மட்டும் கேட்டு நிறுத்திவிடாமல், அதற்கு ஆதாரமாக வாரியத்துக்கு அனுப்பப்பட்ட காகிதங்களின் தொகுப்பையும் சேர்த்துக் கேளுங்கள். உள்ளூர் அதிகாரிகளின் அறிக்கைகளும் சாதாரண மக்களின் மனுக்களும் அதற்குள்தான் இருக்கின்றன.