டாவின்சி ரிசால்வ் இலவசப் பதிப்பு: வன்னிக் குறும்படக்காரருக்குக் காணுமா?

காணும். ஆனால் இந்த வீடியோ எடிட்டிங் மென்பொருளைத் திறந்தவுடன் வீடியோவை இழுத்துப் போட்டுவிடாதீர்கள். முதலில் புரொஜெக்ட் செட்டிங்கில் டைம்லைன் (கிளிப்புகளை வரிசையாக அடுக்கும் இடம்) பிரேம் ரேட்டை, அதாவது ஒரு நொடிக்கு ஓடும் படங்களின் எண்ணிக்கையை, 25 ஆக்குங்கள். அது தானாக 24இல் நிற்கும். ஒரு கிளிப் உள்ளே வந்துவிட்டால் பிறகு அந்த எண்ணை மாற்ற விடாது; புதிய டைம்லைன் திறந்து அதற்குத் தனி எண் கொடுத்துத்தான் தப்பலாம்.

ஏன் 25? எங்கள் கரண்ட் 50 ஹேர்ட்ஸ். போனில் 30 பிரேம், 1/60 ஷட்டர் என்று எடுத்தால் மண்டபச் சுவரில் ரியூப் லைட் வெளிச்சம் அலையடிக்கும். 25 பிரேம், 1/50 ஷட்டர் வைத்தால் அடங்கிவிடும்.

அடுத்த தலையிடி, வாயும் குரலும் பிரிவது. ரிசால்வைத் திட்டிப் பயனில்லை. போன் வெளிச்சத்துக்கேற்பப் பிரேம் வேகத்தைக் கூட்டிக் குறைத்துப் பதிகிறது. சின்னக் காட்சியில் தெரியாது. நீண்ட உரையாடலின் கடைசியில் உதடு ஓரிடம், சொல் ஓரிடம். ஹான்ட்பிரேக் என்ற இலவச வீடியோ மாற்றும் மென்பொருளில் போட்டு, நிலையான பிரேம் வேகத்துக்கு மாற்றியபின் உள்ளே கொண்டுவாருங்கள்.

வெட்டும் வசதியில்தான் இது காசுக்கு விற்கும் மென்பொருள்களோடு நிமிர்ந்து நிற்கிறது. டைம்லைனை இரட்டிப்பாக்கும் கட்டளையைப் பலர் தொடுவதேயில்லை. ஒரே காட்சிகளிலிருந்து இரண்டு நீளத்தில் படம் செய்ய அது உதவும். ஜேர்மன் எடிட்டர் ஹன்னெஸ் நிக்கெல் வெட்டிய ‘தாஸ் போட்’ 1981இல் தியேட்டருக்கு 149 நிமிடப் படமாக வந்தது. அதே படப்பிடிப்பிலிருந்து தொலைக்காட்சிக்குச் சுமார் 5 மணி நேரத் தொடரும் வந்தது. தியேட்டர் படத்துக்கு எடிட்டிங் பிரிவிலும் ஒஸ்கார் பரிந்துரை கிடைத்தது. கிளிநொச்சிச் சாமத்தியவீட்டுக்கும் அதே கணக்குத்தான்: ஜேர்மனியிலுள்ள சித்தப்பாவுக்கு மூன்று மணி நேரம், போனில் அனுப்ப நான்கு நிமிடம். நீளமானதை முடித்து, இரட்டிப்பாக்கி, பிரதியில் மட்டும் கத்தி வையுங்கள். மூலத்திலேயே வெட்டினால் நாளைக்கு மாமி ‘என்ர ஆலாத்தி எங்கை?’ என்று கேட்கும்போது எல்லாவற்றையும் திரும்பத் தேட வேண்டும்.

வெட்ட முன்னர் முழுவதையும் பாருங்கள். ஹம்பேர்க்கில் செய்த ஸ்டீன்பெக் என்ற எடிட்டிங் மேசையில் பிலிம் ஓடிய காலத்தில், தேடிய ஷொட்டுக்குப் போகும் வழியில் மற்ற ஷொட்டுகளும் கண்ணில் பட்டன. இங்கே ஜே, கே, எல் விசைகள் அந்த வேலையைச் செய்யும்: பின், நிறுத்தம், முன். எல் விசையை இரண்டு முறை அழுத்தினால் இரட்டை வேகம்.

குறைகள் உண்டு. இருட்டில் எடுத்த படத்தில் தெரியும் புள்ளிகளை அகற்றும் இரைச்சல் நீக்கம் இலவசப் பதிப்பில் இல்லை. அது 295 டொலர் ஸ்டூடியோப் பதிப்பில்தான். வற்றாப்பளைப் பொங்கலை இரவில் போனில் எடுத்தால் அந்தப் புள்ளிகளோடுதான் இருக்க வேண்டும். லினக்ஸில் இலவசப் பதிப்பு சாதாரண போன் வீடியோவையே திறக்காது, விண்டோஸே நல்லது. 8 ஜிபி ராம் லப்டொப் திணறும், 16 வேண்டும். முடியாவிட்டால் ப்ராக்ஸி (வீடியோவின் இலகுவான பிரதி) உருவாக்கி வெட்டலாம், ஆனால் அதற்கு ஹார்ட் டிஸ்க்கில் இடம் ஒதுக்குங்கள்.

கரண்ட் போகும் ஊரில், மாற்றங்களைத் தானாகச் சேமிக்கும் லைவ் சேவோடு புரொஜெக்ட் பெக்கப்பையும் பத்து நிமிடத்துக்கு ஒன்றாக வையுங்கள். பெக்கப் எழுதும் இடம் வேறு டிஸ்க்காக இருக்கட்டும்.