காண்டாமிருக வண்டுக்கு வாளிப் பொறி: வாங்கலாமா?

தென்னங்குருத்தைக் குடையும் காண்டாமிருக வண்டுக்கு வரும் இனக்கவர்ச்சிப் பொறியில் வாளி அல்ல, உள்ளே தொங்கும் கவர்ச்சிப் பொட்டலம்தான் சரக்கு. ஆண் வண்டு விடும் வாசனை அது. பெண்ணும் ஆணும் வரும், பெண்ணே அதிகம் விழும். முட்டைக்கு முன்பே பிடிபடுவதுதான் லாபம்.

வாளி வாங்கும்போது மூடிக்குக் கீழே குறுக்குத் தகடு இருக்கிறதா என்று பாருங்கள். பறந்து வரும் வண்டு அதில் மோதித்தான் உள்ளே விழும். அடியில் சோப்புத் தண்ணீர் வேண்டும். காய்ந்துவிட்டால் விழுந்த வண்டு ஏறி வெளியேறும். மழைநீர் வழிய பக்கவாட்டில் ஒரு துளை போடுங்கள். பொட்டலத்தைக் கத்தரிக்க வேண்டாம், வாசனை சீக்கிரம் தீர்ந்துவிடும். நேர் வெயிலும் ஆகாது.

ஐந்து ஏக்கருக்கு ஒன்று போதும். இளங்கன்று நடுவே மட்டும் கட்டாதீர்கள்: வாசனைக்கு வரும் வண்டு வாளியைத் தேடாமல் குருத்தில் இறங்கும். வரப்போரமே சரி.

பொறி மட்டும் நம்பினால் பணம் வீண். புழு வளர்வது எருக்குழியிலும் மட்கிய தென்னந்தடியிலும். அங்கே புழுவைக் கொல்லும் பச்சை மஸ்கார்டைன் பூஞ்சணம் தெளிக்க வேண்டும்.