சிறு பட்ஜெட் பிரிட்டிஷ் படத்தை டாவின்சி ரிசால்வ் என்ற எடிட்டிங் மென்பொருளில் வெட்டலாமா?

வெட்டலாம். காட்சிப் பக்கம் குறையில்லை, ஒலியும் ஃப்ரேம் ரேட்டும்தான் (நொடிக்கு எத்தனை ஃப்ரேம் என்ற கணக்கு) காலை வாரும்.

பட்ஜெட் சின்னது, எடிட்டருக்கு ஓர் உதவியாளர் கிடைத்தாலே பெரிது என்ற நிலையில், வெட்டும் இடத்திலேயே கலர் கிரேடிங்கும் (நிறத்தைச் சீராக்கும் வேலை) இருப்பது பெரிய வசதி. வெட்டை மாற்றினாலும் மறுபடி கன்ஃபார்ம் செய்யும் வேலை, அதாவது வெட்டை அசல் கோப்புகளோடு பொருத்தும் வேலை, இல்லை. இலவசப் பதிப்பு 3840×2160 வரை போகும், ரஃப் கட்டுக்கு (முதல் கட்ட வெட்டு) அது தாராளம். கட்டணப் பதிப்பான ஸ்டூடியோவை ஒரே தடவை பணம் கட்டி வாங்கிவிடலாம், சந்தா கட்டாயமில்லை. டிஎன்எக்ஸ்ஹெச்டி 36 என்ற கோப்பு வடிவில் பிராக்ஸி (வெட்டுவதற்கான எடை குறைந்த நகல்) எடுத்தால் மணிக்குச் சுமார் 16 ஜிபி. 40 மணி நேர ரஷ்ஷஸ் (படப்பிடிப்பில் எடுத்த மொத்தக் காட்சிகள்) 1 டிபி டிரைவில் அடங்கிவிடும்.

புதிய புராஜெக்ட் நொடிக்கு 24 ஃப்ரேமில் திறக்கும். பிரிட்டனில் 25-இல் எடுத்த படங்களும் உண்டு. முதல் கிளிப்பைப் போடும்போது ‘ரேட்டை மாற்றவா?’ என்று கேட்கும் பெட்டியில் அவசரத்தில் ‘வேண்டாம்’ என்று தட்டிவிட்டால், 25-இல் எடுத்த காட்சி 24 டைம்லைனில் (துண்டுகளை அடுக்கும் பட்டை) நொடிக்கு ஒரு ஃப்ரேமை இழக்கும். முகத்தின் குளோசப்பில் தெரியாது. கேமரா மெதுவாகப் பக்கவாட்டில் திரும்பும் ஷாட்டில் நொடிக்கொரு தடவை சின்னக் குலுக்கல் தெரியும். அந்த டைம்லைனின் ரேட்டைப் பிற்பாடு மாற்ற வழியில்லை. 24-இல் முடித்த 100 நிமிடப் படம் தொலைக்காட்சிக்காக 25-இல் ஓடினால் 96 நிமிடம். இசையின் சுருதி கவனிக்காவிட்டால் ஏறிவிடும்.

ஒலிப்பதிவாளர் தரும், ஒவ்வொரு மைக்கும் தனித்தனித் தடத்தில் உள்ள வேவ் ஒலிக்கோப்பை அப்படியே வெட்டத் தொடங்காதீர்கள். ரிசால்வின் ‘கிளிப் அட்ரிப்யூட்ஸ்’ பெட்டியில் ஒவ்வொரு சேனலையும் மோனோவாகப் பிரித்துவிட்டுத் தொடங்குங்கள். பாதியில் மாற்றினால் டைம்லைனில் ஏற்கெனவே உள்ள துண்டுகள் பழையபடியேதான் இருக்கும். அப்புறம் பூம் மைக்கையும் (கம்பில் நீட்டிப் பிடிப்பது) காலர் மைக்கையும் பிரித்துக் கேட்டு ஒலி எடிட்டர் திட்டுவார், அவர் பக்கம்தான் நியாயம்.

ரிசால்வின் டெலிவர் பக்கத்தில் உள்ள புரோ டூல்ஸ் (ஒலி எடிட்டிங் மென்பொருள்) ப்ரீசெட், வெட்டை ஒலி எடிட்டருக்குக் கொண்டுபோகும் ஏஏஎஃப் கோப்பைத் தருகிறது. ஹேண்டில்ஸை (ஒவ்வொரு துண்டின் இரு முனையிலும் விடும் கூடுதல் ஒலி) மறக்காமல் போடுங்கள். படத்துக்கு முன்னால் எட்டு நொடி லீடர் (எண்ணிக்கைப் பகுதி), படத்தின் முதல் ஃப்ரேம் டைம்கோடில் 01:00:08:00, அதற்கு 2 நொடி முன்னால் ஒலியையும் படத்தையும் பொருத்த ஒரு பீப். தொலைக்காட்சி டெலிவரிக்குத் தொடக்கம் 10:00:00:00. ரிசால்வ் இதையெல்லாம் தானாகச் செய்யாது.

ஒரே காட்சியில் இருவர் மாறி மாறி வேலை செய்யும் பெரிய கட்டிங் ரூமுக்கு அவிட் என்ற எடிட்டிங் மென்பொருளின் ‘பின்’ (bin) பூட்டுதான், அதாவது ஒருவர் திறந்த கோப்புறையை இன்னொருவர் மாற்றாதபடி பூட்டும் வசதிதான், இன்னும் நிம்மதி. தனி எடிட்டருக்கு ரிசால்வே போதும். முதல் வாரத்திலேயே இரண்டு நிமிடக் காட்சி ஒன்றை ஒலிக்கூடத்துக்கு அனுப்பித் திறக்கிறதா என்று கேட்டுக்கொள்ளுங்கள்.