வயலுக்கு விலை: கிரயப் பத்திரமா, விளைச்சலா?

அரசு எடுக்கும் வயலுக்கு விலை கணிக்க இரண்டு வழிகள் உண்டு. ஒன்று, அக்கம்பக்கத்து விற்பனையைப் பார்ப்பது. இந்தியாவின் 2013 நில எடுப்புச் சட்டம் இதையே பிடித்துக்கொள்கிறது. பத்திரப் பதிவுக்கு அரசு குறித்துவைத்த வழிகாட்டி மதிப்பு ஒரு பக்கம். முந்தைய 3 ஆண்டுப் பத்திரங்களில் விலை அதிகமான பாதியின் சராசரி இன்னொரு பக்கம். எது கூடுதலோ அது அடிப்படை. கிராமப்புறம் என்றால் 1 முதல் 2 மடங்கு வரை பெருக்கி, மேலே, கட்டாயமாக நிலத்தை இழப்பதற்காக 100 சதவீதம் ஆறுதல் தொகை. பழைய 1894 சட்டத்தின் கடைசிக் காலத்தில்கூட இது 30 சதவீதம்தான்.

கணக்கு சரி, பத்திரம் சரியா? முத்திரைத்தாள் செலவுக்குப் பயந்து விலையைக் குறைத்து எழுதிய பத்திரம், பிற்பாடு பக்கத்து வயல்காரர் வயிற்றில் அடிக்கிறது.

இன்னொன்று, ஆண்டு நிகர வருமானத்தை இத்தனை ஆண்டு என்று பெருக்குவது. காய்க்கும் தென்னந்தோப்புக்கு ஒத்துவரும், தரிசுக்கு வராது. ஆனால் உரச் சீட்டு, கூலிக் கணக்கு எதையும் எடுத்துவைக்காதவர் எதைக் காட்டுவார்? அடங்கலில், அதாவது கிராமப் பயிர்ப் பதிவேட்டில், பயிரின் பெயர் இருக்கும், லாபம் இருக்காது.

பத்திரங்கள் நிறைய உள்ள ஊரில் முதல் வழியே மேல் என்பேன். விற்பனையே நடக்காத இடத்தில் மட்டும் விளைச்சல் கணக்கைக் கேட்கலாம். அப்புறம், விளைச்சல் வழியில் போனால் மரங்களுக்குத் தனி விலை கேட்க முடியாது. ஒரே தென்னைக்கு இரண்டு முறை பணம் தர நீதிமன்றங்கள் ஒப்புவதில்லை.